வாசற்படியில் அமர்ந்திருந்த சிறுவன்

(இளங்கலை ஆங்கில இலக்கியம், மூன்றாம் ஆண்டு)

சென்ற பருவத்தில் ஒரு நாள் கடைசி வகுப்பு. 1950களில் அமெரிக்க இளைஞர்களின் வாழ்வு எப்படி இருந்தது என்று விளக்கிக்கொண்டிருந்த எங்கள் பேராசிரியர், தம் கைப்பேசியிலிருந்து இரண்டு பழைய பாட்டுகளை ஒலிக்கச் செய்தார். முதற்பாட்டு எல்விஸ் பிரஸ்லியுடையது. வகுப்பு தாளம் போட்டுக் கேட்டது. இரண்டாவது, 1959ஆம் ஆண்டில் வெளிவந்த 'டைகர்' என்ற பாட்டு. பாடியவர் பேபியன். குரல் ஏறவேண்டிய இடத்தில் ஏறவில்லை. இடையிடையே ஓர் உறுமல். வகுப்பு சிரித்தது. "புலி என்று சொன்னார்கள், பூனையைக் கூட்டி வந்திருக்கிறார்கள்" என்று நான் சொல்ல, சிரிப்பு இருமடங்காயிற்று.

பேராசிரியர் கோபித்துக்கொள்ளவில்லை. சிரிப்பு அடங்கியதும் என்னைப் பார்த்து ஒன்றே ஒன்று கேட்டார்: "இந்தப் பையனைப் பாட்டுக்காரன் ஆக்கியபோது அவனுக்குப் பதினான்கு வயது. பதினான்கு வயதில் நீ என்ன செய்துகொண்டிருந்தாய்?"

மணி அடித்துவிட்டது, நான் விடை சொல்லவில்லை. ஆனால் அந்தக் கேள்வி என்னோடு விடுதி வரை நடந்து வந்தது. அந்தப் பேபியன் யார், எங்கிருந்து வந்தார், பிறகு என்ன ஆனார் என்று தேடத் தொடங்கினேன். அவர் நடித்த படங்களில் கிடைத்தவற்றைப் பார்த்தேன். தேடி முடித்தபோது எனக்கு ஒரு கருத்து உண்டாயிற்று. ஆண்டு மலரில் அதை எழுதுவது, அன்று வகுப்பில் நான் சிரித்ததற்கு ஒரு பரிகாரமாகவும் இருக்கட்டும்.

என் கருத்து இதுதான். பேபியன் நல்ல பாடகர் அல்லர், அதை மறுப்பதற்கில்லை. ஆனால் அவரைப் பார்த்துச் சிரிக்கிறவர்கள் தவறான ஆளைப் பார்த்துச் சிரிக்கிறார்கள். ஒரு மனிதனைப் பிறர் எப்படி மேடையேற்றினார்கள் என்பதைக் கொண்டு அவனை எடைபோடக் கூடாது. தனக்கு வராத ஒன்றைத் தான் செய்துகொண்டிருக்கிறோம் என்று தெரிந்த பிறகு அவன் என்ன செய்தான் என்பதே உரைகல்.

காலியாகக் கிடந்த அரியணை

முதலில் அந்தக் காலத்தைப் பார்ப்போம். ராக் அண்ட் ரோல் என்னும் இசை 1950களின் நடுவில் அமெரிக்காவை உலுக்கியது. அதன் வேர் கறுப்பின மக்களின் பாட்டில் இருந்தது. சக் பெர்ரி, லிட்டில் ரிச்சர்டு போன்ற கறுப்பினக் கலைஞர்களும், எல்விஸ் பிரஸ்லி, ஜெர்ரி லீ லூயிஸ், பட்டி ஹாலி போன்ற வெள்ளையரும் அதன் நாயகர்கள். பெற்றோருக்கும் பாதிரிமாருக்கும் அந்த இசை பிடிக்கவில்லை. பிள்ளைகள் கெட்டுப்போகிறார்கள் என்று நாடெங்கும் கூக்குரல்.

அப்போது ஒரு விந்தை நடந்தது. சொல்லி வைத்தாற்போல் அந்த நாயகர்கள் ஒவ்வொருவராக மேடையை விட்டு மறைந்தார்கள். லிட்டில் ரிச்சர்டு 1957இல் பாட்டைத் துறந்து சமய வாழ்வுக்குப் போனார். எல்விஸ் 1958 மார்ச்சில் இராணுவத்துக்குப் போனார். அதே ஆண்டில், பதின்மூன்று வயது உறவுக்காரச் சிறுமியை மணந்தது வெளிப்பட்டு ஜெர்ரி லீ லூயிசின் புகழ் சரிந்தது. 1959 பிப்ரவரி 3ஆம் நாள் விமான விபத்தில் பட்டி ஹாலி மாண்டார், வயது இருபத்திரண்டு. அவ்வாண்டு டிசம்பரில் சக் பெர்ரி கைதானார்.

அரியணை காலி. ஆனால் இளைஞர் கூட்டம் காலியாகவில்லை. அவர்கள் கையில் பணம் இருந்தது. இசைத்தட்டு வாங்கும் ஆவல் இருந்தது. இசைத்தட்டு வணிகர்கள் யோசித்தார்கள். எல்விஸின் கவர்ச்சி வேண்டும், ஆனால் எல்விஸின் வம்பு வேண்டாம். பெற்றோர் முகம் சுளிக்காத, அழகான, வெள்ளை இனத்துப் பையன்கள் வேண்டும். இப்படித்தான் 'பதின்வயதினரின் கனவு நாயகர்கள்' என்றொரு புதுச் சரக்கு சந்தைக்கு வந்தது.

சந்தை கூடிய ஊர் பிலடெல்பியா. காரணம் தொலைக்காட்சி. 'அமெரிக்கன் பேண்ட்ஸ்டாண்ட்' என்ற நிகழ்ச்சி அந்த ஊர் நிலையத்திலிருந்து 1957 ஆகஸ்டு முதல் நாடு முழுவதற்கும் ஒளிபரப்பாயிற்று. டிக் கிளார்க் அதை நடத்தினார். பள்ளி விட்டு வந்த பிள்ளைகள் இசைத்தட்டுக்கு ஆடுவார்கள். பாடகர்கள் வந்து, ஒலிக்கின்ற தட்டுக்கு ஏற்ப வாயசைப்பார்கள். இந்த 'வாயசைப்பார்கள்' என்பதை நண்பர்கள் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். அங்கே குரல் தேவைப்படவில்லை, முகம் போதும். அந்த நிலையத்துக்கு அருகிலேயே குடியிருந்த இசைத்தட்டு வணிகருக்கு முகங்களைத் தேடுவதுதான் தொழிலாயிற்று.

வாசற்படி

தெற்குப் பிலடெல்பியா இத்தாலியக் குடும்பங்கள் நெருங்கி வாழ்ந்த பகுதி. 1943 பிப்ரவரி 6ஆம் நாள் அங்கே பிறந்தவர் பேபியன் அந்தோணி போர்ட்டே. தந்தை காவல்துறையில் பணிபுரிந்தவர். மூன்று பிள்ளைகளில் மூத்தவர் பேபியன்.

1957இல் ஒரு நாள் தந்தைக்கு மாரடைப்பு. வீட்டு வாசலில் நோயாளி வண்டி வந்து நிற்கிறது. பதினான்கு வயது மூத்த மகன் செய்வதறியாமல் வாசற்படியில் உட்கார்ந்திருக்கிறான். அப்போது அந்தத் தெருவில் வந்தவர் பாப் மார்க்குச்சி, 'சான்சலர்' என்ற இசைத்தட்டு நிறுவனத்தின் பங்காளி. பையனின் முகத்தைப் பார்க்கிறார். எல்விஸின் சாயல், கறுத்த, அடர்ந்த முடி. 'உனக்குப் பாட வருமா?' என்பது பிறகு எழுந்த கேள்வி. முகம் முதலிலேயே தேர்வாகிவிட்டது. அதே நிறுவனத்தில் ஏற்கெனவே பாடிவந்த பிராங்கி அவலானும் அந்தப் பையனைப் பற்றி மார்க்குச்சியிடம் சொல்லியிருந்தார் என்பர்.

பையனுக்குப் பாட்டில் நாட்டமில்லை. பாடகனாக வேண்டும் என்று அவன் கனவும் கண்டதில்லை. ஆனால் வீட்டில் சம்பாதித்த ஒரே கை படுத்துவிட்டது. ஆகவே சரி என்றான்.

இந்த இடத்தில் சற்று நிற்க வேண்டுகிறேன். நம் கல்லூரியில், வகுப்பு முடிந்ததும் துணிக்கடைக்கும் மருந்துக்கடைக்கும் அச்சகத்துக்கும் ஓடுகிறவர்கள் எத்தனை பேர்! அவர்களில் நானும் ஒருவன். என் தந்தைக்கு முதுகெலும்பில் அடிபட்டு ஆறு மாதம் படுத்திருந்தபோது, தெரிந்தவர் ஒருவர் கணக்கு எழுத வரச்சொன்னார். கணக்கில் எனக்குப் பற்று உண்டா, திறமை உண்டா என்று நான் எண்ணிப் பார்க்கவில்லை. மாதம் எவ்வளவு என்றுதான் கேட்டேன். அந்த நிலைமையில் இருந்து பார்த்தவனுக்கு, வாசற்படியில் இருந்த சிறுவன் 'சரி' என்றது விளங்கும். எனக்கு விளங்கியிருக்க வேண்டும். ஆனாலும் வகுப்பில் நான்தான் முதலில் சிரித்தேன்.

செய்து முடித்த பொம்மை

இனி மார்க்குச்சி செய்த வேலை. பையனுக்குப் பாட்டு ஆசிரியர்களை வைத்தார். பேசக் கற்றுக்கொடுத்தார், நடக்கக் கற்றுக்கொடுத்தார். முடியை நெற்றிக்கு மேல் தூக்கி வாரச் செய்தார். உடை மாறியது, காலில் வெள்ளைத் தோல் காலணி ஏறியது. குடும்பப் பெயர் மறைந்து 'பேபியன்' என்ற ஒற்றைப் பெயர் நின்றது. முதலில் வந்த தட்டுகள் பெரிதாக ஓடவில்லை. வணிகர் தளரவில்லை. விளம்பரத்தைக் கூட்டினார், ஊர் ஊராக அனுப்பினார், தொலைக்காட்சியில் நிறுத்தினார். பெண் பிள்ளைகள் அலறினார்கள். அலறலில் பாட்டு காதில் விழவில்லை. விழாததே நல்லதாயிற்று.

டாக் போமஸ், மார்ட் ஷூமன் என்ற தேர்ந்த இரட்டையர் பாட்டெழுதித் தந்தார்கள். 1959இல் 'டர்ன் மீ லூஸ்' அமெரிக்க விற்பனை வரிசையில் ஒன்பதாம் இடம். 'டைகர்' மூன்றாம் இடம். 'ஹவுண்ட் டாக் மேன்' மறுபடியும் ஒன்பதாம் இடம். ஒரே ஆண்டில் மூன்று வெற்றிகள். பாடியவனுக்கு வயது பதினாறு.

பதினாறு வயதில் அவனுக்குக் கிடைத்த இன்னொன்று ஏளனம். பத்திரிகைகள் அவனைப் பொம்மை என்றன. கதவு கிறீச்சிடுவதுபோல் பாடுகிறான் என்னும் பொருள்பட எழுதின. 1959 முடிந்து 1960 பிறக்கையில், வானொலியில் தட்டுகளை ஒலிக்கச் செய்ய வணிகர்கள் கையூட்டுக் கொடுத்த விவகாரம் அமெரிக்க நாடாளுமன்றக் குழு முன் வந்தது. டிக் கிளார்க்கே அங்கே சாட்சி சொல்ல நேர்ந்தது. பேபியனின் தட்டுகளில் குரலை இயந்திரத்தால் சீராக்கியிருக்கிறார்கள் என்ற குற்றச்சாட்டும் அந்த நாளில் எழுந்தது. 1960க்குப் பிறகு அவருக்குப் பெரிய வெற்றிப் பாட்டு அமையவில்லை. பதினேழு வயதில் ஒரு வாழ்க்கை முடிந்துவிட்டது!

இப்போது எதிர்க்கட்சியின் வாதத்தையும் கேட்போம். என் அறைத்தோழர் ஒருவர் இந்தக் கட்டுரையைப் படித்துவிட்டுக் கேட்டார்: "அவர் ஏழைப் பையன்; ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அவர் நின்ற இடத்தில் உண்மையாகப் பாடத் தெரிந்த ஒரு கறுப்பினப் பையன் நின்றிருக்கலாம் அல்லவா? அவனுக்காக யார் அழுவது?"

வலுவான கேள்வி. இதை நான் தட்டிக்கழிக்க மாட்டேன். லிட்டில் ரிச்சர்டு பாடிய பாட்டையே 1956இல் பேட் பூன் என்ற வெள்ளையர் மென்மையாக்கிப் பாடி, வரிசையில் அவரைவிட உயர்ந்த இடம் பெற்றார். அந்த அநீதி அந்தச் சந்தையின் அடித்தளத்திலேயே இருந்தது. பேபியனின் புகழும் அந்த அடித்தளத்தின் மேல்தான் எழுந்தது. ஆனால் அந்த வீட்டைக் கட்டியவர் யார்? வாசற்படியில் இருந்த சிறுவனா? சந்தையின் பாவத்தைப் பொம்மையின் தலையில் ஏற்றிவிட்டால், பொம்மை செய்தவருக்கும், அதை விற்றவருக்கும், விலை கொடுத்து வாங்கிய கூட்டத்துக்கும் எவ்வளவு வசதி! சிரித்துவிட்டுப் போய்விடலாம். ஏளனம் என்பது பல வேளைகளில் கணக்கைத் தவறான பேரேட்டில் எழுதுவது. கணக்கு எழுதியவன் என்ற முறையில் சொல்கிறேன்.

இரண்டாம் பள்ளிக்கூடம்

பாட்டு ஓய்வதற்கு முன்பே திரைப்படம் அழைத்தது. டுவென்டியத் செஞ்சுரி பாக்ஸ் நிறுவனம் 1959இல் 'ஹவுண்ட்-டாக் மேன்' என்ற படத்தில் அவரைக் கதாநாயகன் ஆக்கியது. இயக்கியவர் டான் சீகல். நோக்கம் தெளிவானது: அலறுகிற பெண்கள் நுழைவுச்சீட்டு வாங்குவார்கள். ஆனால் படம் எதிர்பார்த்த அளவு ஓடவில்லை.

அடுத்து நடந்ததுதான் எனக்குப் பிடித்த பகுதி. முதற்படத்தில் நாயகனாக நின்றவர், பிறகு மூத்த நடிகர்களுக்குப் பக்கத்தில் சிறிய வேடங்களில் நிற்க ஒப்புக்கொண்டார். 1960இல் 'ஹை டைம்' படத்தில் பிங் கிராஸ்பியுடன் கல்லூரி மாணவராக வந்தார். அதே ஆண்டு 'நார்த் டு அலாஸ்கா' படத்தில் ஜான் வெயினுக்கும் ஸ்டூவர்ட் கிரேஞ்சருக்கும் இடையே ஒரு விடலைத் தம்பி. 1962இல் 'மிஸ்டர் ஹாப்ஸ் டேக்ஸ் எ வெகேஷன்' படத்தில் ஜேம்ஸ் ஸ்டூவர்ட்டின் மகளைச் சுற்றிவரும் இளைஞன்.

'நார்த் டு அலாஸ்கா'வை நான் பார்த்தேன். அண்ணன் வெளியே போயிருக்கையில், அழகிய விருந்தாளிப் பெண்ணின் முன் பெரிய மனிதனாகக் காட்டிக்கொள்ள முயன்று, குடித்துவிட்டுத் தடுமாறும் தம்பியாக வருகிறார். அபாரமான நடிப்பு என்று சொல்லமாட்டேன். ஆனால் ஓர் ஆண்டுக்கு முன் மேடையில் விறைத்து நின்ற பொம்மை அங்கே இல்லை. தன்னைத் தானே நகைப்புக்கு இடமாக்கிக்கொள்ளத் துணிந்த ஓர் இளைஞன் இருந்தான். நகைப்புக்கு ஆளாவது வேறு. நகைச்சுவை செய்வது வேறு. முன்னது நமக்கு நேர்வது. பின்னது நாம் கற்றுக்கொள்வது.

1962இல் வந்த 'தி லாங்கஸ்ட் டே' இரண்டாம் உலகப் போரின் நார்மண்டித் தரையிறக்கத்தைச் சொல்லும் பெரும்படம். அதில் செங்குத்தான கடற்பாறை ஒன்றில் அமெரிக்க வீரர்கள் கயிற்றைப் பிடித்து ஏறும் காட்சி உண்டு. அந்தப் படைப்பிரிவில் நடித்தவர்களில் பேபியன், பால் அங்கா, டாமி சேண்ட்ஸ் ஆகிய மூவரும் பதின்வயதுப் பாட்டு நாயகர்கள்! அதைப் பார்த்தபோது வகுப்பில் நான் சொன்ன பூனைக் கதை நினைவுக்கு வந்து வெட்கினேன். பெயர் பெற்ற முகங்கள், சேறும் புகையுமாக, பெயரில்லாத வீரர்களோடு வீரர்களாக அங்கே கலந்திருந்தன.

அந்தத் தலைமுறையில் எல்லோரும் ஒரே வகை அல்லர் என்பதையும் சொல்லவேண்டும். பாபி டாரின் நன்றாகப் பாடினார், நன்றாக நடித்தார், 1963இல் வந்த 'கேப்டன் நியூமன், எம்.டி.' படத்துக்காக ஆஸ்கர் பரிசுக்கு முன்மொழியப்பட்டார். பிராங்கி அவலான் சிறுவயதிலேயே எக்காளம் வாசித்தவர். 1959இல் அவருடைய 'வீனஸ்' முதலிடம் பிடித்தது. 1963 முதல் அனட் புனிசெல்லோவுடன் கடற்கரைப் படங்களில் கொடிகட்டினார். இவர்கள் கையில் முதலிலேயே ஒரு வித்தை இருந்தது. பேபியன் கையில் ஒன்றும் இல்லை. வித்தை உள்ளவன் முன்னேறுவதைவிட, வித்தை இல்லாமல் உச்சியில் நிறுத்தப்பட்டவன் இறங்கி வந்து முதலெழுத்திலிருந்து கற்பது கடினம் என்பது என் எண்ணம்.

நன்றாகச் செய்தபோது நேர்ந்தது

இப்போது இந்த வரலாற்றின் மிகக் கசப்பான பக்கத்துக்கு வருகிறேன்.

1961இல் ஏ.பி.சி. தொலைக்காட்சியில் 'பஸ் ஸ்டாப்' என்ற தொடர் ஓடிக்கொண்டிருந்தது. அதன் ஒரு பகுதியை இயக்கியவர் ராபர்ட் ஆல்ட்மன். பிற்காலத்தில் 'மாஷ்', 'நாஷ்வில்' படங்களால் உலகப் புகழ் பெற்றவர். டிசம்பர் மாதம் ஒளிபரப்பான அந்தப் பகுதியில் பதினெட்டு வயதுப் பேபியனுக்குக் கொடுக்கப்பட்ட வேடம் கொலைகாரன். இனிய முகம், உள்ளே இரக்கமே இல்லை. முதியவர் ஒருவரைக் கொன்றுவிட்டு, வழக்குமன்றத்தில் தந்திரத்தால் தப்பித்து, தன்னைத் தப்புவித்த வழக்கறிஞரையே கொல்பவன்.

அந்த வேடத்துக்கு அவரைத் தேர்ந்ததில் ஒரு நுட்பம் இருக்கிறது. பெண் பிள்ளைகள் சுவரில் ஒட்டி வைத்திருந்த முகம். பெற்றோர் 'நல்ல பையன்' என்று நம்பிய முகம். அந்த முகத்துக்குப் பின்னால் என்ன இருக்கிறது என்று உங்களுக்குத் தெரியுமா என்பதுதான் அந்தக் கதையின் கேள்வி. முகத்துக்காக மட்டும் வாங்கப்பட்ட ஒருவர், முகத்தை நம்பாதே என்று சொல்லும் வேடத்தைச் செய்தார்.

நடந்தது என்ன? அந்த நிறுவனத்தோடு இணைந்த நிலையங்களில் இருபதுக்கும் மேற்பட்டவை அந்தப் பகுதியை ஒளிபரப்ப மறுத்தன. வன்முறை மிகுந்தது என்று கண்டனங்கள் குவிந்தன. தொலைக்காட்சி வன்முறையை ஆராய்ந்த செனட் துணைக்குழுவில் அது பேசுபொருளாயிற்று. மறு ஆண்டே தொடரும் நின்றது. அவர் செய்த மிகச் சிறந்த வேலை என்று பலரும் பிற்காலத்தில் சுட்டிய அந்தப் படைப்பு, இளைஞர்களைக் கெடுப்பதற்குச் சான்றாக மன்றத்தில் நிறுத்தப்பட்டது!

வன்முறையைக் காட்டுவதில் எச்சரிக்கை வேண்டும் என்பதை நான் மறுக்கவில்லை. ஆனால் இந்த முரணைப் பாருங்கள். பாடத் தெரியாமல் பாடியபோது நாடு கைதட்டியது. நடிக்கத் தெரிந்து நடித்தபோது நாடு முகத்தைத் திருப்பிக்கொண்டது. வெண்ணெய் திரண்டு வருகையில் தாழி உடைந்தது. உடைத்தது அவர் கை அன்று.

விடுதலையின் விலை

ஒப்பந்தம் என்ற கயிறு இன்னும் இருந்தது. எங்கே போவது, எதை உடுத்துவது, எதைப் பாடுவது என்று எல்லாவற்றையும் மார்க்குச்சி முடிவு செய்தார். சில ஆண்டுகளில் பேபியனுக்கு மூச்சு முட்டியது. 65,000 டாலர் கொடுத்துத் தம் ஒப்பந்தத்தைத் தாமே விலைக்கு வாங்கி வெளியேறினார். அக்காலத்தில் அது பெருந்தொகை. 'டர்ன் மீ லூஸ்' என்றால் 'என்னை அவிழ்த்துவிடு' என்று பொருள். பதினாறு வயதில் பிறர் எழுதித் தந்து பாடியதை, வளர்ந்த பிறகு தம் சொந்தப் பணத்தால் செய்துகொண்டார்.

வெளியே வந்தவருக்குப் பூமாலை காத்திருக்கவில்லை. உள்ளதைச் சொல்லவேண்டும், அதற்குப்பின் வந்த படங்கள் பெரும்பாலும் சாதாரணமானவை. 1964இல் ஹவாய்த் தீவுக் கடலலைகளில் சறுக்கும் இளைஞர்களைப் பற்றிய 'ரைடு தி வைல்டு சர்ப்' பார்க்கத்தக்கது. 1966, 1967இல் 'பயர்பால் 500', 'தண்டர் ஆலி' என்று கார்ப் பந்தயப் படங்கள். 1970இல் 'எ புல்லட் பார் பிரிட்டி பாய்' படத்தில் கொள்ளைக்காரன் வேடம். திறந்தவெளித் திரையரங்குகளில் காருக்குள் இருந்தபடியே பார்க்கும் கூட்டத்துக்காக எடுக்கப்பட்ட சிக்கனப் படங்கள் இவற்றில் பல.

1965இல் அகதா கிறிஸ்டியின் கதையைத் தழுவி வந்த 'டென் லிட்டில் இந்தியன்ஸ்' படத்தில் மட்டும் ஒரு வேடிக்கை உண்டு. தனியே சிக்கிக்கொண்ட பத்துப் பேர் ஒருவர்பின் ஒருவராக இறக்கும் கதை. முதலில் இறப்பவன் ஒரு பாப் பாடகன். அந்த வேடம் பேபியனுக்கு! பழைய வாழ்வைத் திரையிலேயே புதைத்துவிட்டார் என்று சொல்லத் தோன்றுகிறது.

1980இல் பழைய வாழ்வு மறுபடியும் வந்து கதவைத் தட்டியது. 'தி ஐடல்மேக்கர்' என்ற படம் வெளியாயிற்று. பதின்வயது நாயகர்களை உருவாக்கும் ஒரு வணிகரின் கதை, மார்க்குச்சியின் வாழ்வைத் தழுவியது, அவரே ஆலோசகர். அதில் திறமையற்ற அழகுப் பையனாக வரும் பாத்திரம் தம்மைக் குறிக்கிறது என்று பேபியன் வழக்குத் தொடுத்தார். வழக்கு சமரசத்தில் முடிந்தது. எண்ணிப் பாருங்கள்: பதினான்கு வயதில் ஒருவரைச் செய்து விற்றார்கள், முப்பத்தேழு வயதில், அவரை எப்படிச் செய்து விற்றோம் என்ற கதையையும் விற்றார்கள். இரண்டாம் முறை அவர் வாசற்படியில் பேசாமல் உட்கார்ந்திருக்கவில்லை.

1985இல் அதே தெற்குப் பிலடெல்பியாவிலிருந்து வந்த பிராங்கி அவலான், பாபி ரைடல் ஆகியோருடன் சேர்ந்து மேடையேறினார். நடுவயதைத் தொட்ட மூவரும், தங்களோடு வளர்ந்து நடுவயதான ரசிகர்கள் முன் பழைய பாட்டுகளைப் பாடினார்கள். ரைடல் 2022இல் மறையும் வரை அந்தக் கூட்டணி பல ஊர்களில் பலமுறை மேடை கண்டது. அலறல் ஓய்ந்த பிறகும் கேட்க வந்தார்கள் என்றால், அவர்கள் கேட்க வந்தது குரலை மட்டும் அன்று. ஏளனத்தைத் தாங்கி, ஓடிப்போகாமல், உழைத்து நின்ற ஒரு மனிதரையும் பார்க்க வந்தார்கள் என்றே நம்புகிறேன்.

நமக்கு என்ன?

'இவ்வளவும் எதற்கு? அமெரிக்கப் பாடகர் ஒருவர் எப்படிப் போனால் நமக்கென்ன?' என்று கேட்கலாம். இன்று பிலடெல்பியாவும் வேண்டியதில்லை, மார்க்குச்சியும் வேண்டியதில்லை. ஒரு கைப்பேசி போதும். பதினான்கு வயதுப் பிள்ளையை ஒரே இரவில் உலகமே பார்க்கிறது. மறுநாள் காலையில் அதே உலகம் சிரிக்கிறது. அந்தப் பிள்ளை எந்த வாசற்படியில், எந்த நிலையில் உட்கார்ந்திருந்தது என்று பார்க்க யாருக்கும் நேரமில்லை. செய்கிறவர்களின் கூட்டமும் சிரிக்கிறவர்களின் கூட்டமும் ஒன்றாகிவிட்ட காலம் இது. அதனால்தான் பேபியனின் கதை பழங்கதையாக எனக்குத் தோன்றவில்லை.

மாணவத் தோழர்களே! நம்மில் பலர் நாம் தேர்ந்தெடுக்காத இடங்களில் நிற்கிறோம். கிடைத்த பாடப்பிரிவு, கிடைத்த வேலை, வீட்டு நிலைமை தள்ளிவிட்ட வழி. அங்கே நிற்பது குற்றமன்று. நமக்கு வராததை வந்ததுபோல் வாயசைத்துக்கொண்டே காலம் கழிப்பதுதான் குற்றம். 'இது எனக்கு வராது' என்று உணர்ந்த நாளில், விலை கொடுத்தேனும் விடுபட்டு, மூத்தவர் பக்கத்தில் சிறிய வேடத்தில் நின்று, வேறொன்றைக் கற்கும் துணிவு வேண்டும். கற்ற பின்னும் உலகம் பாராட்டாமல் போகலாம். பேபியனுக்கு அதுதான் நேர்ந்தது. ஆயினும் பாராட்டிய காலத்துப் பேபியனைவிட, பாராட்டாத காலத்துப் பேபியனையே நான் மதிக்கிறேன்.

பேராசிரியர் அவர்களே! அன்று நீங்கள் கேட்ட கேள்விக்கு இப்போது விடை சொல்கிறேன். பதினான்கு வயதில் நான் ஒன்றும் செய்துகொண்டிருக்கவில்லை. என் தந்தை நலமாக இருந்தார். நான் தெருவில் பந்து விளையாடிக்கொண்டிருந்தேன். அது என் திறமையன்று, என் நல்வாய்ப்பு. அது தெரியாமல் சிரித்துவிட்டேன்.